வீட்டுக்கடன்: பத்து லட்சம் வாங்கினால் எத்தனை லட்சம் கட்டுகிறோம்?

மலைத்தோட்ட விவசாயிகள் கையெழுத்துப் போடும் முன் பார்க்க வேண்டிய கணக்கு

கொடைக்கானல் மலையில் பேத்துப்பாறை, அஞ்சுவீடு பக்கம் தோட்டம் வைத்திருப்பவர்களுக்கு வருமானம் மாதச் சம்பளம் போல வருவதில்லை. காபிப் பழம் குளிர்மாதங்களில் பறிக்கிறார்கள். அதை ஒட்டி மிளகு வருகிறது. அவகோடா ஆடி, ஆவணியில் கை கொடுக்கும். மலைவாழை தார் வெட்டும்போது பணம். இடையில் ஓர் இரவு காட்டு யானைகள் இறங்கிவிட்டால் வாழையும் போகும், வேலியும் போகும். 2018 நவம்பரில் கஜா புயல் இந்த மலையிலும் மரங்களைச் சாய்த்துவிட்டுப் போனது.

வீட்டுக்கடனுக்கோ பருவம் கிடையாது. காய்ப்பு இருந்தாலும் இல்லாவிட்டாலும் மாதம் பிறந்தால் டியூ கட்டியாக வேண்டும். அதுவும் ஒரு வருடம், இரண்டு வருடம் அல்ல. 15, 20 வருடம்.

ஓட்டு வீட்டைப் பிரித்துத் தளம் போட்ட வீடாக்க வேண்டும், மகன் கல்யாணத்துக்கு முன் இன்னொரு அறை எடுக்க வேண்டும் என்ற ஆசை நியாயமானது. வங்கிக்குப் போகும்போது பெரும்பாலானவர்கள் கேட்பது இரண்டே கேள்விதான்: வட்டி எத்தனை சதவீதம்? மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்? மூன்றாவதாக ஒரு கேள்வி உண்டு. கடன் முடியும் நாளில் மொத்தமாக எவ்வளவு கட்டியிருப்போம் என்பதே அது. வீட்டின் உண்மையான விலை அந்தக் கேள்விக்கான பதிலில்தான் இருக்கிறது.

முக்கால் வட்டிதானே என்று நினைக்க வேண்டாம்

ஊரில் வட்டியை நூறு ரூபாய்க்கு மாதம் எவ்வளவு என்று சொல்வார்கள். ரெண்டு வட்டி என்றால் வருடத்துக்கு 24 சதவீதம். அந்தக் கணக்கில் 9 சதவீத வீட்டுக்கடன் வெறும் முக்கால் வட்டி. கேட்பதற்குச் சிறியதாகத்தான் இருக்கிறது. ஆனால் வட்டி விகிதம் எவ்வளவு முக்கியமோ, அதே அளவு முக்கியம் கடன் ஓடும் காலம்.

10 லட்சம் ரூபாய் கடன், 9 சதவீத வட்டி, வட்டி கடைசி வரை மாறவில்லை என்று வைத்துக்கொண்டு போட்ட கணக்கு இது:

10 வருடம்: மாதத் தவணை ரூ.12,668, மொத்தம் கட்டுவது ரூ.15.20 லட்சம், அதில் வட்டி ரூ.5.20 லட்சம்.

15 வருடம்: மாதத் தவணை ரூ.10,143, மொத்தம் ரூ.18.26 லட்சம், வட்டி ரூ.8.26 லட்சம்.

20 வருடம்: மாதத் தவணை ரூ.8,997, மொத்தம் ரூ.21.59 லட்சம், வட்டி ரூ.11.59 லட்சம்.

25 வருடம்: மாதத் தவணை ரூ.8,392, மொத்தம் ரூ.25.18 லட்சம், வட்டி ரூ.15.18 லட்சம்.

30 வருடம்: மாதத் தவணை ரூ.8,046, மொத்தம் ரூ.28.97 லட்சம், வட்டி ரூ.18.97 லட்சம்.

20 வருடக் கடனை 30 வருடமாக நீட்டினால் மாதம் 951 ரூபாய்தான் குறைகிறது. அதற்காகக் கூடுதலாகக் கட்டுவது 7.37 லட்சம். மறுபக்கம், 20 வருடத்துக்குப் பதில் 15 வருடம் எடுத்தால் மாதம் 1,146 ரூபாய் கூடுகிறது, மொத்தத்தில் 3.34 லட்சம் மிச்சமாகிறது. ‘டியூ குறைவாக வருகிற மாதிரி போட்டுக் கொடுங்கள்’ என்று கேட்பவர்கள், வீட்டின் விலையைக் கூட்டிக் கொடுங்கள் என்றுதான் கேட்கிறார்கள்.

முதல் சில வருடங்களில் பணம் எங்கே போகிறது?

மேலே சொன்ன 20 வருடக் கடனில் முதல் மாதம் 8,997 ரூபாய் கட்டுகிறோம். அதில் 7,500 ரூபாய் வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 1,497 ரூபாய் மட்டும். முதல் வருடம் முழுவதும் கட்டிய பணம் சுமார் 1.08 லட்சம், கடன் குறைந்தது 18,727 ரூபாய்.

ஐந்து வருடம் தவறாமல் கட்டினால் கையை விட்டுப் போயிருப்பது 5.40 லட்சம். பாக்கி இன்னும் 8.87 லட்சம் இருக்கும். பத்து வருடம் கழித்துப் பார்த்தால், வாங்கிய கடனுக்கும் மேலாக 10.80 லட்சம் கட்டியிருப்போம். அப்போதும் 7.10 லட்சம் பாக்கி நிற்கும். அசலில் பாதி கழிய 14 வருடம் ஆகிறது.

இதில் வங்கி ஏமாற்றுகிறது என்று அர்த்தமில்லை. பாக்கித் தொகைக்குத்தான் வட்டி. ஆரம்பத்தில் பாக்கி அதிகம், அதனால் வட்டியும் அதிகம். தவணையில் வட்டி போக மிஞ்சுவதுதான் அசலுக்குப் போகும். இந்த முறை புரிந்துவிட்டால், கடனைச் சீக்கிரம் தீர்க்கும் வழியும் அதிலேயே இருப்பது தெரியும். அதைப் பின்னால் பார்ப்போம்.

வட்டி 20 வருடமும் ஒன்றாக இருக்குமா?

அமெரிக்காவில் 30 வருடத்துக்கும் ஒரே வட்டி என்ற வீட்டுக்கடன் சாதாரணம். நம் நாட்டில் பெரும்பாலான வீட்டுக்கடன்கள் ‘ஃப்ளோட்டிங்’ வட்டியில்தான் கிடைக்கின்றன. ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை ஏற்றினால் கடன் வட்டியும் ஏறும். 2019 அக்டோபர் முதல் வங்கிகள் புதிதாகத் தரும் ஃப்ளோட்டிங் வீட்டுக்கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோல் ஒன்றுடன் இணைக்கப்பட வேண்டும் என்பது விதி.

இதன் விளைவு 2022ல் தெரிந்தது. 2022 மே மாதத் தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரிக்குள் 6.5 சதவீதமானது. பத்தே மாதத்தில் இரண்டரை சதவீதம் ஏற்றம். 7 சதவீதத்தில் 10 லட்சம் ரூபாயை 20 வருடத்துக்கு வாங்கியவரின் மாதத் தவணை ரூ.7,753. வட்டி 9.5 சதவீதம் ஆனால் ஒரு மாத வட்டி மட்டுமே ரூ.7,917 வருகிறது. பழைய தவணையையே கட்டிக்கொண்டிருந்தால் வட்டிக்கே பணம் போதாது. மாதாமாதம் கட்டியும் கடன் ஏறிக்கொண்டே போகும்.

இப்படி ஏறும்போது தவணையை அப்படியே விட்டுவிட்டுக் காலத்தை நீட்டிவிடுவது வழக்கமாக இருந்தது. கடன்காரருக்கு ஒரு குறுஞ்செய்தி வரும். அவர் பார்த்தும் இருக்கமாட்டார். 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி இதற்கு ஒழுங்குமுறை கொண்டுவந்தது. வட்டி மாறும்போது தவணையோ காலமோ எப்படி மாறுகிறது என்பதைக் கடன்காரருக்குத் தெரிவிக்க வேண்டும். தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று தேர்ந்தெடுக்க வாய்ப்புத் தர வேண்டும். கட்டும் தவணை வட்டிக்கே போதாத நிலைக்குக் கடனைக் கொண்டுபோகக் கூடாது.

எனவே, கடன் வாங்கும்போதே ஒரு கணக்குப் போட்டுப் பார்க்க வேண்டும். இன்றைய வட்டியோடு இரண்டு சதவீதம் கூட்டி, அந்தத் தவணையை நம்மால் கட்ட முடியுமா என்று பார்ப்பது நல்லது. முடியாது என்றால் கடன் தொகை நமக்குப் பெரியது.

டியூவில் தெரியாத செலவுகள்

மாதத் தவணைக்கு வெளியே போகும் பணம் தனி. பிராசஸிங் கட்டணம், வழக்கறிஞர் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திரத்தை அடமானமாக ஒப்படைத்ததைப் பதிவு செய்ய முத்திரைத் தீர்வை, பதிவுக் கட்டணம் ஆகியவை கடன் கைக்கு வரும் முன்பே வந்துவிடும்.

அடுத்தது காப்பீடு. கடனோடு சேர்த்து ஒரே தவணையில் ஆயுள் காப்பீடு எடுக்கச் சொல்வார்கள். பிரீமியம் 30,000 ரூபாய் என்றால் அதையும் கடனில் சேர்த்துவிடுவார்கள். 9 சதவீதத்தில் 20 வருடத்துக்கு அந்த 30,000 ரூபாய்க்குக் கட்டுவது சுமார் 64,800 ரூபாய். குடும்பத் தலைவருக்கு ஆயுள் காப்பீடு அவசியம்தான். ஆனால் அதைக் கடனோடுதான் எடுக்க வேண்டும் என்று சட்டம் இல்லை. டெர்ம் பாலிசியாகத் தனியே எடுத்து வருடா வருடம் பிரீமியம் கட்டலாம்.

மலையில் வீடு கட்டுவோருக்கு இன்னொரு செலவும் உண்டு. மணல், செங்கல், சிமென்ட், கம்பி எல்லாம் வத்தலக்குண்டு வழியாகவோ பழனி வழியாகவோ மலையேறி வர வேண்டும். பெரிய சாலையில் இறக்கி, அங்கிருந்து சிறு வண்டியில் ஏற்றும் இடங்களில் கூலி இரட்டிப்பாகும். கீழே கட்டிய உறவினர் சொல்லும் சதுர அடி விலையை வைத்துக் கடன் கேட்டால் பாதியில் பணம் தீர்ந்துவிடும். அப்போது வெளியில் வாங்கும் கைமாற்றுதான் எல்லாவற்றையும் விட விலை கூடியது.

கட்டுமானம் இழுத்தாலும் செலவுதான். வங்கி முழுப் பணத்தையும் ஒரே நாளில் தருவதில்லை. அடித்தளம், சுவர், தளம் என்று கட்டம் கட்டமாக விடுவிக்கும். வீடு முடியும் வரை விடுவித்த தொகைக்கு வட்டி மட்டும் கட்டச் சொல்வது வழக்கம். 6 லட்சம் விடுவித்த நிலையில் வேலை பத்து மாதம் நின்றால், மாதம் 4,500 வீதம் 45,000 ரூபாய் போய்விடும். அசலில் ஒரு ரூபாய்கூடக் கழியாது. மேல்மலையில் ஐப்பசி, கார்த்திகை மழையில் கட்டட வேலை நிற்கும் என்பது எல்லோருக்கும் தெரிந்தது. தை மாதம் தொடங்கி மழைக்கு முன் தளம் போடுகிற மாதிரி திட்டமிட்டால் இந்த வட்டியைக் குறைக்கலாம்.

மாதத் தவணையும் அறுவடையும்

பயிர்க்கடனுக்கும் வீட்டுக்கடனுக்கும் பெரிய வித்தியாசம் ஒன்று உண்டு. பயிர்க்கடன் வாராக்கடன் ஆகிறதா என்பதைப் பயிர்ப் பருவத்தை வைத்துப் பார்க்கிறார்கள். குறுகிய காலப் பயிருக்கு இரண்டு பருவம், நீண்ட காலப் பயிருக்கு ஒரு பருவம் வரை பாக்கி நிற்க வேண்டும். வீட்டுக்கடனில் அப்படி இல்லை. 90 நாளுக்கு மேல் பாக்கி நின்றால் அது வாராக்கடன். காபி விற்ற பணம் மாசியில் வரும் என்று சொல்லி ஐப்பசியிலிருந்து டியூ கட்டாமல் இருந்தால், மாசி வரும் முன்பே கணக்கு கெட்டுவிடும்.

ஒருவருக்கு ஒரே வங்கியில் பல கடன்கள் இருந்து, ஒன்று வாராக்கடன் ஆனால் மற்றவையும் அப்படியே வகைப்படுத்தப்படும். வீட்டுக்கடன் டியூ நின்றால், அதே வங்கியில் உள்ள கிசான் கிரெடிட் கார்டு கடனைப் புதுப்பிப்பதும் சிக்கலாகும். உரத்துக்கும் பறிப்புக் கூலிக்கும் பணம் இல்லாமல் போனால் அடுத்த வருட மகசூலும் குறையும்.

அதற்கு அடுத்தது சட்டம். 2002ல் வந்த சர்ஃபாசி சட்டப்படி, வாராக்கடன் ஆனபின் வங்கி 60 நாள் அறிவிப்புக் கொடுக்கும். அதற்குள் கட்டாவிட்டால் நீதிமன்ற வழக்கு இல்லாமலே அடமானச் சொத்தைக் கையகப்படுத்தி விற்க முடியும். விவசாய நிலத்துக்கு இந்தச் சட்டத்தில் விலக்கு உண்டு. வீட்டுக்கும் வீட்டு மனைக்கும் இல்லை. விவசாய நிலத்தை அடமானம் வைத்திருந்தாலும், வங்கி உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போக வழி இருக்கிறது.

பருவம் பொய்த்த வருடத்தில் தவணையைத் தள்ளிவைக்கச் சொல்லி வங்கியிடம் கேட்கலாம். 2020ல் கொரோனா காலத்தில் மார்ச் முதல் ஆகஸ்ட் வரை ஆறு மாதம் அப்படி ரிசர்வ் வங்கி அனுமதித்தது. ஆனால் தள்ளிவைப்பு வேறு, தள்ளுபடி வேறு. கட்டாத மாதங்களின் வட்டி பாக்கியோடு சேர்ந்துகொள்ளும். நமது 10 லட்சம் ரூபாய் கடனில் ஆரம்பத்திலேயே ஆறு மாதம் தள்ளிவைத்து, அந்த வட்டி கடனில் சேர்ந்து, பிறகு பழைய தவணையையே கட்டினால் 240 தவணைக்குப் பதில் 275 தவணை கட்ட வேண்டியிருக்கும். ஆறு மாத ஓய்வுக்கு விலை 35 தவணை. ரூபாயில் 3 லட்சத்துக்கும் மேல். வேறு வழியே இல்லாதபோது மட்டும் எடுக்க வேண்டிய மருந்து அது.

இதற்கு முன்னேற்பாடு ஒன்றுதான். அறுவடைப் பணம் வந்ததும் ஆறு மாதத் தவணையை எடுத்து, டியூ பிடிக்கும் சேமிப்புக் கணக்கிலேயே போட்டு வைக்க வேண்டும். அந்தப் பணத்தை வேறு எதற்கும் தொடக் கூடாது. நகையை அடகு வைத்து டியூ கட்டுகிற நிலை வந்தால், ஒரே கடனுக்கு இரண்டு வட்டி கட்டுகிறோம் என்று பொருள்.

எவ்வளவு தவணை நமக்குத் தாங்கும் என்பதை நல்ல வருடத்தை வைத்துப் பார்க்கக் கூடாது. கடந்த ஐந்து வருட வரவு செலவை எழுதி, அதில் மோசமான வருடத்தை எடுத்துக்கொள்ள வேண்டும். அந்த வருடத்தில் சாகுபடிச் செலவும் குடும்பச் செலவும் போக மிஞ்சியது எவ்வளவோ, அதற்குள் ஒரு வருடத் தவணை அடங்க வேண்டும். 2000களின் தொடக்கத்தில் காபி விலை உலகம் முழுக்க அடிமட்டத்துக்கு விழுந்தது. 2025 தொடக்கத்தில் அராபிகா விலை உலகச் சந்தையில் முன்பு இல்லாத உயரத்துக்குப் போனது. 20 வருடக் கடன் இந்த இரண்டு மாதிரி வருடங்களையும் பார்த்துவிடும்.

நேர் வட்டி, ரெண்டு வட்டி

சில நிதி நிறுவனங்கள் வட்டியை ‘ஃபிளாட்’ என்று சொல்லும். அதாவது அசல் குறையக் குறைய வட்டி குறையாது. முதலில் வாங்கிய முழுத் தொகைக்கே கடைசி வரை வட்டி. 10 லட்சத்துக்கு 9 சதவீத ஃபிளாட் வட்டி, 10 வருடம் என்றால் வட்டி 9 லட்சம், மாதத் தவணை ரூ.15,833. பாக்கிக்கு மட்டும் வட்டி போடும் வங்கியில் அதே 9 சதவீதத்துக்கு ரூ.12,668தான். ஃபிளாட் 9 என்பது வங்கிக் கணக்கில் சுமார் 14.5 சதவீதத்துக்குச் சமம். ‘குறையும் பாக்கிக்கா, முழு அசலுக்கா?’ என்று கேட்காமல் வட்டி விகிதத்தை ஒப்பிட்டுப் பயனில்லை.

பட்டா, கட்டட அனுமதி ஆகியவற்றில் குறை இருந்து வங்கி கடன் மறுத்தால் பலர் தனியாரிடம் போகிறார்கள். ரெண்டு வட்டிக்கு 5 லட்சம் வாங்கினால் மாதம் 10,000 ரூபாய் வட்டி. ஐந்து வருடத்தில் 6 லட்சம் கட்டிய பிறகும் 5 லட்சம் அசல் அப்படியே நிற்கும். அதே 5 லட்சத்தை 9 சதவீதத்துக்கு வங்கியில் வாங்கி ஐந்து வருடத் தவணை போட்டால் மாதம் 10,379 ரூபாய். கூடுதலாகக் கட்டுவது 379 ரூபாய். ஐந்து வருட முடிவில் கடனே இருக்காது. எனவே பத்திரத்தைச் சரி செய்ய ஆறு மாதம் அலைந்தாலும் அந்த அலைச்சலுக்கு நல்ல கூலி இருக்கிறது. கந்துவட்டிக் கொடுமைக்கு எதிராகத் தமிழ்நாட்டில் 2003 முதல் தனிச் சட்டம் உண்டு. மிரட்டல் வந்தால் காவல் நிலையத்திலும் மாவட்ட ஆட்சியரிடமும் புகார் தரலாம்.

நல்ல வருடப் பணத்தை அசலில் போடுங்கள்

மொத்தமாகப் பணம் வருவது மாதத் தவணைக்கு இடைஞ்சல். ஆனால் கடனைச் சீக்கிரம் அடைக்க அதுவே வசதி. தனிநபர் வாங்கிய ஃப்ளோட்டிங் வட்டி வீட்டுக்கடனில் அசலை முன்கூட்டிக் கட்டினால் வங்கி எந்த அபராதமும் வசூலிக்கக் கூடாது என்பது ரிசர்வ் வங்கி விதி.

அதே 10 லட்சம், 9 சதவீதம், 20 வருடக் கடன். மாதத் தவணையோடு ஒவ்வொரு வருடமும் அறுவடை முடிந்து 25,000 ரூபாய் மட்டும் கூடுதலாக அசலில் கட்டினால், கடன் சுமார் 13 வருடத்தில் முடிந்துவிடும். கூடுதலாகப் போட்டது 3 லட்சம். வட்டி 11.59 லட்சத்திலிருந்து சுமார் 7 லட்சமாகக் குறையும். ஏழு வருட டியூவும் மிச்சம்.

எவ்வளவு சீக்கிரம் கட்டுகிறோமோ அவ்வளவு லாபம். முதல் வருட முடிவில் 1 லட்சம் அசலில் போட்டால் கடன் நான்கு வருடத்துக்கு மேல் குறைகிறது. வட்டியில் சுமார் 3.5 லட்சம் மிச்சம். அதே 1 லட்சத்தைப் பத்தாவது வருட முடிவில் போட்டால் இரண்டு வருடம்தான் குறைகிறது. மிச்சம் சுமார் 1.25 லட்சம்.

முன்கூட்டிக் கட்டும்போது வங்கியில் எழுத்தாகவே சொல்ல வேண்டும்: ‘இது அசலில் கழிக்க வேண்டிய தொகை. மாதத் தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்.’ சொல்லாவிட்டால் வரும் மாதத் தவணைகளுக்கான முன்பணமாக அதை வைத்துவிட வாய்ப்புண்டு. ஒரு வாரம் கழித்துக் கணக்கு அறிக்கை வாங்கி, அசல் குறைந்திருக்கிறதா என்று பார்த்துக்கொள்ள வேண்டும். ரெண்டு வட்டிக் கடனோ நகைக்கடனோ இருந்தால் முதலில் அதை அடைக்க வேண்டும்; வட்டி அதிகமானதை முதலில் தீர்ப்பதுதான் முறை.

கையெழுத்துக்கு முன் கேட்க வேண்டியவை

2024 அக்டோபர் 1 முதல் புதிதாகத் தரும் தனிநபர் கடன்களுக்கு வங்கிகளும் நிதி நிறுவனங்களும் முக்கிய விவர அறிக்கை ஒன்றைத் தர வேண்டும். கேஎஃப்எஸ் என்பார்கள். கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் அது இருக்க வேண்டும். தமிழில் கேட்டு வாங்குவது உரிமை. கட்டணங்களையும் சேர்த்தால் உண்மையான வருட வட்டி எவ்வளவு என்பதும், ஒவ்வொரு தவணையிலும் வட்டி எவ்வளவு, அசல் எவ்வளவு என்ற பட்டியலும் அதில் இருக்கும். அறிக்கையில் சொல்லாத கட்டணத்தைப் பின்னால் கடன்காரர் சம்மதமின்றி வசூலிக்க முடியாது. படித்து முடிவெடுக்கக் குறைந்தது மூன்று வேலை நாள் உண்டு. வீட்டுக்கு எடுத்து வந்து, படிக்கிற பிள்ளைகளோடு உட்கார்ந்து ஒரு முறை பார்ப்பது நல்லது. கேட்க வேண்டிய கேள்விகள் இவை:

1. கடன் முடியும்போது நான் மொத்தம் எத்தனை ரூபாய் கட்டியிருப்பேன்?

2. வட்டி ஃப்ளோட்டிங்கா, மாறாததா? எத்தனை மாதத்துக்கு ஒரு முறை மாறும்?

3. வட்டி இரண்டு சதவீதம் ஏறினால் தவணை எவ்வளவு?

4. வட்டி பாக்கித் தொகைக்கா, முழு அசலுக்கா?

5. காப்பீட்டுப் பிரீமியம் கடனில் சேர்ந்திருக்கிறதா? வேண்டாம் என்றால் நீக்குவீர்களா?

6. வீடு முடியும் வரை வட்டி மட்டும் கட்டுவதா? தவணை எப்போது தொடங்கும்?

7. கடன் முடிந்ததும் என்னென்ன பத்திரங்கள் திரும்பக் கிடைக்கும்? அவற்றின் பட்டியல் எங்கே?

சந்தேகங்களும் பதில்களும்

தோட்டத்துக்குள் வீடு கட்ட வீட்டுக்கடன் கிடைக்குமா?

பட்டா, மூலப்பத்திரம், வில்லங்கச் சான்று, அனுமதி பெற்ற வரைபடம் ஆகிய நான்கும் இல்லாமல் வங்கி வீட்டுக்கடன் தருவது அரிது. கொடைக்கானல் மலைப்பகுதியில் கட்டட அனுமதிக்குச் சமவெளியை விடக் கூடுதல் விதிகள் உண்டு. நிபந்தனைப் பட்டா நிலத்தை நிபந்தனையை மீறி அடமானம் வைக்க முடியாது. எனவே கடனுக்கு அலையும் முன் ஊராட்சி அலுவலகத்திலும் வட்டாட்சியர் அலுவலகத்திலும் நிலத்தின் வகையை உறுதி செய்துகொள்ள வேண்டும். அனுமதி இல்லாமல் பாதி கட்டிவிட்டுக் கடன் கேட்டால் எந்த வங்கியும் தராது.

குடிசை வீட்டில் இருக்கிறோம். கடன் இல்லாமல் வழி உண்டா?

குடிசைகளுக்குப் பதிலாக நிரந்தர வீடு தரும் ‘கலைஞர் கனவு இல்லம்’ திட்டத்தை 2024ல் தமிழ்நாடு அரசு தொடங்கியது. 360 சதுர அடி வீட்டுக்கு 3.5 லட்சம் ரூபாய் மானியம். தகுதி இருக்கிறதா என்று ஊராட்சி ஒன்றிய அலுவலகத்தில் கேளுங்கள். மானிய வீட்டைப் பெரிதாக்குகிறோம் என்று வட்டிக்கு வாங்கிக் கட்டினால் மானியத்தின் பலன் வட்டியில் போய்விடும். முதலில் 360 சதுர அடியை முடித்துக் குடியேறலாம். மற்ற அறைகளை வருமானம் வரும்போது கட்டிக்கொள்ளலாம்.

வீட்டுக்கடனுக்கு வருமான வரிச் சலுகை உண்டு என்கிறார்களே?

வரி கட்டுபவருக்குத்தான் சலுகை. விவசாய வருமானம் மட்டுமே உள்ளவருக்கு வருமான வரியே இல்லை. அதனால் கழிக்கவும் எதுவும் இல்லை. சம்பளக்காரர் ஒருவர் ‘எனக்கு வரி மிச்சமாகிறது, கடனை நீட்டி வைத்திருக்கிறேன்’ என்று சொல்வதைக் கேட்டு விவசாயி அப்படிச் செய்யக் கூடாது.

ரெப்போ குறைந்தது என்று செய்தியில் சொன்னார்கள். என் டியூ குறையவில்லையே?

2025ல் ரெப்போ படிப்படியாகக் குறைக்கப்பட்டது. தவணையை அப்படியே வைத்துக் காலத்தைக் குறைத்திருக்கலாம். அது உங்களுக்கு நல்லதுதான். கணக்கு அறிக்கை வாங்கி மீதித் தவணைகளின் எண்ணிக்கையைப் பாருங்கள். கடன் ரெப்போவுடன் இணைக்கப்படாத பழைய கடனாகவும் இருக்கலாம். அப்படியானால் சிறு கட்டணம் செலுத்திப் புதிய முறைக்கு மாற முடியுமா என்று கேளுங்கள். வட்டி குறைந்தது என்பதற்காகத் தவணையைக் குறைக்கச் சொல்ல வேண்டாம்.

கடன் வாங்கியவர் இறந்துவிட்டால்?

கடன் அவரோடு முடிந்துவிடாது. கூட்டாகக் கையெழுத்திட்ட மனைவியோ மகனோ கட்ட வேண்டும். கட்ட முடியாவிட்டால் வீடு அடமானத்தில் நிற்கிறது. கடனோடு காப்பீடு எடுத்திருந்தால் உடனே வங்கிக்கும் காப்பீட்டு நிறுவனத்துக்கும் எழுத்தாகத் தெரிவிக்க வேண்டும். கடன் எவ்வளவு, பாலிசி எங்கே, பத்திர நகல் எங்கே என்பது வீட்டில் குறைந்தது இன்னொருவருக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

கடனை அடைத்துவிட்டோம். பத்திரம் இன்னும் வரவில்லை.

முழுக் கடனும் தீர்ந்த 30 நாளுக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். வங்கியின் காரணத்தால் தாமதமானால் ஒவ்வொரு நாளுக்கும் 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்று ரிசர்வ் வங்கி 2023ல் உத்தரவிட்டு, அது அந்த வருடம் டிசம்பர் முதல் நடைமுறையில் இருக்கிறது. முதலில் வங்கியில் எழுத்துப் புகார் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். 30 நாளில் தீர்வு கிடைக்காவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் இலவசமாகப் புகார் செய்யலாம். விவரங்களுக்கு 14448 என்ற எண்ணில் அழைக்கலாம். பத்திரம் கைக்கு வந்தபின் சார்பதிவாளர் அலுவலகத்தில் அடமானத்தை ரத்து செய்யும் ரசீதையும் பதிவு செய்து, புதிய வில்லங்கச் சான்று எடுத்து, அடமானம் நீங்கியதைச் சரிபார்த்துக்கொள்ள வேண்டும்.